சவர்க்ராட் வைத்த ஜியாவ்ஸி: பூரணம் நீர்த்து மேல்மாவு கிழிகிறது

கேள்வி:
பன்றிக் கொத்துக்கறியோடு ஜெர்மன் சவர்க்ராட் (உப்பில் புளித்த கோஸ்) கலந்து, சீன ஜியாவ்ஸி (மாவுக்குள் பூரணம் வைத்த கொழுக்கட்டை) மாதிரி மடித்துத் தவாவில் சுடுகிறேன். மைதா 250 கிராம், கறி 250, பாக்கெட் சவர்க்ராட் 250. குளிருக்கு அருமையான சுவை. ஆனால் பத்து மடிப்பதற்குள் பூரணம் தண்ணீர் விட்டு மேல்மாவு கிழிகிறது. தவாவிலும் ஒட்டுகிறது. முட்டை சேர்த்தால் சரியாகுமா?

மறுமொழி 1:
முட்டை வேண்டாம், பூரணம் ரப்பர் மாதிரி இறுகிவிடும். சவர்க்ராட்டைத் துணியில் கட்டி முறுக்கிப் பிழியுங்கள். 250 கிராம் 150க்கு வரணும். புளிப்பு தூக்கலாக இருந்தால் மட்டும் பிழிவதற்கு முன் ஒருமுறை அலசுங்கள். பொடியாக நறுக்கி, ஒரு டீஸ்பூன் பன்றிக்கொழுப்பில் அரை டீஸ்பூன் சர்க்கரையோடு ஐந்து நிமிடம் வதக்குங்கள். இழைகள் ஒட்டாமல் உதிரியாகப் பிரிந்தால் ஈரம் போய்விட்டது. முழுக்க ஆறட்டும், சூட்டோடு கலந்தால் கறியிலுள்ள கொழுப்பு உருகி ஒழுகும்.

அடுத்தது கலக்கும் வரிசை. கறியில் ஒரு டேபிள்ஸ்பூன் சோயா சாஸ், இஞ்சித் துருவல், வெள்ளை மிளகுத்தூள், இரண்டு டேபிள்ஸ்பூன் குளிர்ந்த எலும்புச்சாறு. ஒரே திசையில் கிளறினால் பிசுபிசுப்பாகச் சேர்ந்துவரும். பிறகு ஒரு டேபிள்ஸ்பூன் எள் எண்ணெய், வெங்காயத்தாள். சவர்க்ராட் கடைசியில், மடிக்க உட்காரும்போதுதான். அதிலேயே உப்பு இருப்பதால் தனி உப்பு போடாமல், ஒரு சிட்டிகை பூரணத்தைச் சுட்டு ருசி பாருங்கள்.

மறுமொழி 2:
மேலே சொன்னதோடு 40 கிராம் கண்ணாடி நூடுல்ஸ் (ஸ்டார்ச்சில் செய்த, வெந்தால் கண்ணாடி மாதிரி தெரியும் மெல்லிய நூடுல்ஸ்) ஊறவைத்து, அரை அங்குலமாக நறுக்கிச் சேருங்கள். கறி வேகும்போது விடும் சாறை அது குடித்துக்கொள்ளும். வடகிழக்குச் சீனாவில் சுவான் சாய் என்ற புளித்த கோஸோடு பன்றிக்கறியும் இந்த வகை நூடுல்ஸும் சேர்த்து வேகவைப்பது குளிர்காலச் சாப்பாடு. பன்றிக்கறியோடு சுவான் சாய் வைத்த ஜியாவ்ஸியும் அங்கே வழக்கம்தான். சுவான் சாயும் சவர்க்ராட்டும் உப்பில் புளித்த கோஸ்தான். அங்கே நீள சீனக் கோஸை முழுசாகவோ பாதியாகவோ தொட்டியில் அடுக்கிக் கல் வைத்து அழுத்துவார்கள். ஜெர்மனியில் வெள்ளைக் கோஸைச் சீவி உப்புப் பிசிறி, அது விடும் நீரிலேயே புளிக்க வைப்பார்கள். அதனால்தான் உங்கள் சேர்க்கை இவ்வளவு இயல்பாக உட்காருகிறது.

கேரவே விதை (சீரகம் மாதிரி இருக்கும் வாசனை விதை) கால் டீஸ்பூன் நசுக்கிப் போட்டால் ஜெர்மன் வாசனை தெளிவாக வரும். அரை டீஸ்பூன் போனால் இஞ்சி தெரியாது. மேலே சொன்ன எள் எண்ணெய்க்குப் பதில் நம் நல்லெண்ணெய் ஆகாது. சீன எண்ணெய் எள்ளைச் சிவக்க வறுத்து ஆட்டியது.

மறுமொழி 3:
ஒட்டுவதற்கு வருவோம். மாவில் முதலில் 85 மில்லி கொதிநீர் ஊற்றிக் கரண்டியால் கிளறி, பிறகு 50 மில்லி குளிர்நீர் சேர்த்துப் பிசைந்து அரை மணி மூடி வையுங்கள். கொதிநீர் பட்ட மாவு இழுத்தால் சுருங்காது. முப்பது உருண்டை, நடு கொஞ்சம் தடிப்பாக, ஓரம் மெல்லிசாகத் தேயுங்கள். நடுவும் மெலிந்தால் அடி கிழியத்தான் செய்யும்.

தவா காய்ந்தபின் எண்ணெய், அதன்மேல் ஜியாவ்ஸி. மிதமான தீயில் இரண்டு நிமிடம் அசைக்காதீர்கள். அடி பொன்னிறமானதும் 80 மில்லி தண்ணீர் ஊற்றி மூடி, ஏழு நிமிடம். மூடியைத் திறந்ததும் எடுக்கப் போகாதீர்கள், பெரும்பாலும் கிழிவது அப்போதுதான். சலசலப்பு அடங்கி, எண்ணெய் பொரியும் சத்தம் மட்டும் கேட்கும்வரை விடுங்கள். அடி மொறுமொறுத்துத் தானே விட்டுவரும்.

கேள்வி கேட்டவர்:
நன்றி. மீதியை மடித்து ஃப்ரீசரில் வைக்கலாமா? தொட்டுக்க என்ன?

மறுமொழி 1:
வைக்கலாம். மாவு தூவிய தட்டில் ஒன்றையொன்று தொடாமல் உறையவிட்டுப் பையில் போடுங்கள். உருகவிடாமல் அப்படியே தவாவில் வைத்து, தண்ணீர் 100 மில்லி, மூடி பத்து நிமிடம். உருகினால் மறுபடி அதே ஈரப் பிரச்சினைதான். தொட்டுக்க: அரிசியில் செய்த சீனக் கருப்பு வினிகர் இரண்டு ஸ்பூன், சோயா சாஸ் ஒன்று, மிதமான காரமுள்ள ஜெர்மன் கடுகு விழுது அரை ஸ்பூன். விழுதை முதலில் வினிகரில் கரைத்துக்கொண்டால் கட்டி தட்டாது.