இது பன்னீர் மரம்தானே? கொட்டையை முளைக்க வைத்தவர்கள் யாராவது உண்டா?

வணக்கம், பினாங்கு தஞ்சோங் பூங்காவிலிருந்து எழுதுகிறேன். பன்னீர் மரம் என்று நர்சரியில் கொடுத்த கன்று இப்போது என் தலைக்கு மேல் வளர்ந்து, தைப்பூசத்தின்போது முதல் பூ விட்டது. திருச்செந்தூரில் விபூதி வைத்துத் தருவார்களே, அந்த இலை. பன்னிரண்டு நரம்பு என்பார்கள், நான் எண்ணினால் இலைக்கு இலை கணக்கு மாறுகிறது, முருகன் மன்னிக்கட்டும்.

எதிர்வீட்டு அக்கா இது மரமல்லி என்று அடித்துச் சொல்கிறார். இரண்டுமே இரவில் பூத்து விடிவதற்குள் தரையில் கொட்டும், வெள்ளை, நல்ல வாசம், குழப்பம் வரத்தான் செய்யும். ஆனால் மரமல்லிக்குச் சிறுசிறு கூட்டிலைகள், மரமும் நெடுநெடுவென்று போகும். என்னுடையதில் கையகலத் தனி இலைகள், எதிரெதிராக, அடிப்புறம் தொட்டால் மெத்தென்று ரோமம், இரண்டு காம்புக்கும் நடுவே காப்பிச் செடியில் இருப்பது போல ஒரு குட்டிச் செதில் (காப்பியும் பன்னீரும் ஒரே தாவரக் குடும்பம்). ஒரு பூவில் ஆறு இதழ், பக்கத்துப் பூவில் எட்டு! அதனால் பன்னீர் மரம்தான் (அறிவியல் பெயர் கெட்டார்டா ஸ்பெசியோசா) என்று நினைக்கிறேன். கிழக்கு ஆப்பிரிக்கா முதல் பசிபிக் தீவுகள் வரை கடற்கரை மணலில் வளர்வது, காய் கடலில் மிதந்தே தீவு தாண்டும்.

சரி, கேள்விக்கு வருகிறேன். மரத்தடியில் நாலு காய் கிடைத்தது, உள்ளே கொட்டை கட்டை மாதிரி இருக்கிறது. ஊறவைக்கணுமா, அப்படியே மணலில் புதைக்கலாமா? பதியம் போட்டு வந்தவர்கள் இருந்தால் அதையும் சொல்லுங்கள். தங்கைக்கு ஒரு கன்று தருவதாக வாக்குக் கொடுத்துவிட்டேன்.