கனரக ஏவூர்தியா, பெருஞ்சுமை ஏவூர்தியா?

நண்பர்களுக்கு வணக்கம்.

சட்டர்ன் 5, ஸ்டார்ஷிப் போன்ற மிகப் பெரிய ரொக்கெட்டுகளின் வகைக்குத் தமிழில் என்ன பெயர் வைக்கலாம் என்று நமது கலைச்சொல் குழுவில் ஒரு கிழமையாகப் பேசிக்கொண்டிருக்கிறோம். இதுவரை நான்கு பெயர்கள் வந்திருக்கின்றன: கனரக ஏவூர்தி, பேருதைப்பு ஏவூர்தி, பார ஏவூர்தி, மாபெரும் ஏவுகணை. நான் ஐந்தாவதாக ஒன்றை வைக்கிறேன்: பெருஞ்சுமை ஏவூர்தி. காரணத்தைக் கொஞ்சம் நீளமாகவே சொல்ல வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஏவுகணை. இதைத் தயவுசெய்து விட்டுவிடுவோம். சந்திரனுக்குப் போனதையும் ஊர்மேல் விழுந்ததையும் ஒரே சொல்லால் அழைக்க மட்டக்களப்பில் இருக்கும் எனக்கு மனம் வரவில்லை. என் வகுப்புப் பிள்ளை ஒன்று வீட்டில் சத்தமாகப் படித்துக்கொண்டிருந்ததாம்: "1969இல் சந்திரனை நோக்கி ஏவுகணை செலுத்தப்பட்டது." பக்கத்தில் இருந்த அம்மம்மா கேட்டாவாம், "ஆருக்கு மனே அடிச்சவனுகள்?" என்று. அவவின் கேள்வியில் பிழையே இல்லை. கணை என்றால் அம்பு. அது போய்த் தைக்கும். ஊர்தி என்றால் ஏறிப் போவது, ஏற்றிப் போவது. ஏவூர்தி என்ற சொல் ஏற்கெனவே வழக்கில் இருக்கிறது. அதையே வைத்துக்கொள்வோம்.

சரி, கனரகத்துக்கு வருகிறேன். பெரும்பாலானோர் இதற்குத்தான் கை தூக்கியிருக்கிறீர்கள். சாரதி அனுமதிப்பத்திரத்தில் தொடங்கி வீதியோரப் பலகை வரைக்கும் கனரக வாகனம் என்று பார்த்துப் பழகிய கண்ணுக்கு அது இயல்பாகவே தெரியும். ஆனால் கனரகம் என்பது வாகனம் எவ்வளவு பாரமானது என்பதைச் சொல்கிறது. நமக்கு வேண்டியது அது எவ்வளவைத் தூக்கிக்கொண்டு போகும் என்பது. இரண்டும் வேறு.

சின்ன வயதில் குருமண்வெளித் துறையில் பாதையில் ஏறி மண்டூருக்குப் போவோம். (பாதை என்றால் எங்கள் பக்கத்தில் வாவியைக் கடக்கிற தட்டையான பெரிய மிதவை. மற்ற ஊர் நண்பர்கள் தெரு என்று நினைத்துவிட வேண்டாம்.) சனம், சைக்கிள், உழவு மெசின், நெல் மூடை என்று எல்லாம் அதில்தான் படுவான்கரைக்கும் (வாவியின் மேற்குக் கரை) எழுவான்கரைக்குமாக (கிழக்குக் கரை) போய் வரும். ஏற்றும்போது "இன்னும் எத்தினை மூடை தாங்கும்?" என்றுதான் கேட்பார்கள். பாதையின் பாரம் எவ்வளவு என்று ஒருவரும் கேட்டதை நான் கண்டதில்லை. விண்வெளிக்குப் பொருள் அனுப்புகிறவர்கள் ஏவூர்தியைப் பார்த்துக் கேட்பதும் இதே கேள்விதான்.

ஊர்தியின் பாரத்தை வைத்துப் பெயரிட்டால் எங்கே இடறும் என்று பாருங்கள். 1981 முதல் 2011 வரை 135 தடவை பறந்த அமெரிக்க விண்ணோடம் (ஸ்பேஸ் ஷட்டில்), புறப்படும்போது சுமார் 2,000 தொன் இருக்கும். அது தாழ்ந்த புவிச் சுற்றுப்பாதைக்குக் கொண்டுபோன சரக்கோ ஏறத்தாழ 27 தொன்தான், ஏனென்றால் இறக்கை, சக்கரம், ஆட்கள் இருக்கும் அறை என்று ஓடம் முழுவதும் கூடவே மேலே போக வேண்டியிருந்தது. 2018 பெப்ரவரி 6ஆம் திகதி முதன்முதலாகப் பறந்த ஃபல்கன் ஹெவி ஏவூர்தி சுமார் 1,420 தொன் பாரம். எந்தப் பகுதியையும் திருப்பி எடுக்காமல் விட்டால் 63.8 தொன்னைக் கொண்டுபோகும் என்று கணக்கு. பாரம் குறைந்தது இரு மடங்குக்கு மேல் ஏற்றுகிறது. கனரகம் என்று எழுதினால் இந்த உண்மை தலைகீழாகிவிடும்.

பேருதைப்பு என்று முன்மொழிந்த நண்பரின் யோசனை நல்லது. உதைப்பு என்பது எஞ்சின் ஊர்தியைத் தள்ளும் விசை. மேலுதைப்பு (நீர் பொருளை மேலே தள்ளும் விசை) படித்த எங்கள் பிள்ளைகளுக்கு அது உடனே விளங்கும். ஆனால் உதைப்பும் சுமையும் ஒன்றாகக் கூடிக் குறைவதில்லை. சோவியத்தின் சந்திர ஏவூர்தியான என்1, முதற் கட்டத்தில் (முதலில் எரியும் அடிப்பகுதியில்) 30 எஞ்சின்களுடன் சுமார் 45 மெகாநியூட்டன் உதைப்பைத் தந்தது. ஐந்தே எஞ்சின்கள் கொண்ட சட்டர்ன் 5 இன் உதைப்பு சுமார் 34 மெகாநியூட்டன். அப்படியிருந்தும் என்1 திட்டமிட்ட சுமை 95 தொன், சட்டர்ன் தூக்கியது அதைவிடக் கூட. சட்டர்னின் மேலிரு கட்டங்களும் திரவ ஐதரசனை எரித்தன. அதே அளவு எரிபொருளுக்கு அது மண்ணெண்ணெயைவிடக் கூடுதல் வேகம் கொடுக்கும். என்1இல் மேற்கட்டங்களும் மண்ணெண்ணெய்தான். அப்புறம், 1969க்கும் 1972க்கும் இடையில் நான்கு தடவை ஏவப்பட்ட என்1 நான்கிலும் தோற்றது. ஒரு கிலோவைக்கூடச் சுற்றுப்பாதையில் வைக்கவில்லை. உதைப்பில் அன்றைக்கு அதுதான் முதலிடம்.

இது பழைய கதை மட்டுமல்ல. 2022 நவம்பர் 16ஆம் திகதி ஆட்டெமிஸ் 1 என்ற ஆளில்லாச் சந்திரப் பயணத்தைக் கொண்டுபோன நாசாவின் எஸ்எல்எஸ் ஏவூர்தி, சட்டர்ன் 5 ஐவிட 15 சதவீதம் கூடுதல் உதைப்புடன் எழும்பியது. ஆனால் சந்திரனை நோக்கி அது அனுப்பக்கூடியது சுமார் 27 தொன். சட்டர்ன் 5 அனுப்பியது 43 தொன்னுக்கு மேல். எஸ்எல்எஸ்ஸின் அந்த வடிவத்தில் மேற்கட்டம் சின்னது, ஒற்றை எஞ்சின் கொண்டது. அடி பெலமாக இருந்தும் மேலே போகப் போகத் தள்ளுவதற்கு ஆள் போதவில்லை. ஐம்பது வருடத்துக்கு முந்திய ஊர்தி ஏன் இன்னும் பேசப்படுகிறது என்று பிள்ளைகள் கேட்டால் நான் இந்த இரண்டு எண்களைத்தான் கரும்பலகையில் எழுதுவேன்.

ஆகவே பெயர் சுமையைச் சொல்ல வேண்டும். எந்தச் சொல்லால் சொல்வது? இங்கேதான் மிகக் கவனமாக இருக்க வேண்டும் என்று நினைக்கிறேன், ஏனென்றால் இந்தக் குழுவில் இரண்டு நாட்டுப் பாடநூல்களைப் படித்தவர்கள் இருக்கிறோம். இலங்கைப் பாடநூலில் நிறை என்றால் புவி இழுக்கும் விசை. பொருளின் அளவைத் திணிவு என்போம். தமிழ்நாட்டுப் பாடநூலில் நிறை என்றால் நாங்கள் திணிவு என்பது. விசைக்கு எடை என்பார்கள். ஒரே எழுத்து, ஒரே ஒலி, இரண்டு பொருள். "பெருநிறை ஏவூர்தி" என்று வைத்தால் தூத்துக்குடியில் படிக்கும் பிள்ளைக்கும் களுவாஞ்சிகுடியில் படிக்கும் பிள்ளைக்கும் வேறு வேறாக விளங்கும். பொதுச்சொல் வேண்டும் என்று கூடியிருக்கிற நாமே அந்தக் குழப்பத்தை வளர்க்கக் கூடாது. திணிவும் எடையும் இதே காரணத்தால் கழிந்துபோகின்றன.

பாரம் எனக்குப் பிடித்த சொல். லொறிக்குப் பாரவூர்தி என்று எங்கள் பத்திரிகைகள் எழுதுகின்றன, அது அழகான ஆக்கம். ஆனால் பாரம் இரண்டு பக்கமும் சாயும். "பெட்டி சரியான பாரம்" என்றால் பெட்டியின் கனம். "பாரம் ஏத்தியாச்சு" என்றால் பெட்டிக்குள் இருப்பது. கனரகத்தில் கண்ட அதே சிக்கல் பின்கதவால் வந்துவிடும். பாரந்தூக்கி கிரேனுக்குப் போய்விட்டது.

சுமை அப்படியில்லை. சுமை என்று சொன்னவுடன் சுமக்கிற இன்னொன்றும் கூடவே மனதில் வரும். தனியே கிடக்கும் கல்லை யாரும் சுமை என்பதில்லை. தலையில் வைத்த பிறகுதான் அது சுமை. விண்ணுக்கு ஏற்றிப்போகும் பொருளைக் குறிக்க இதைவிடப் பொருத்தமான சொல்லை நான் காணவில்லை. இலங்கையிலும் தமிழ்நாட்டிலும் ஒரே பொருளில்தான் வழங்குகிறது.

இத்தோடு இன்னொரு சொல்லையும் சேர்த்துத் தீர்மானிக்க வேண்டும்: ஏற்றியதில் உண்மையாகப் பயன்படப் போகும் பகுதிக்குப் பெயர். அதற்குப் பயன்சுமை என்று வைப்போம். இது இல்லாமல் ஒப்பிட முடியாது. சட்டர்ன் 5 தாழ்ந்த சுற்றுப்பாதைக்கு 118 தொன் கொண்டுபோகும் என்று ஓரிடத்தில் இருக்கும், 140 தொன் என்று இன்னோரிடத்தில் இருக்கும். இரண்டாவது கணக்கில் மூன்றாம் கட்டத்தையும் அதில் மீந்திருக்கும் எரிபொருளையும் சேர்த்துக்கொள்கிறார்கள். இரண்டும் சுமைதான், பயன்சுமை எது என்பதில்தான் வேறுபாடு.

பயன்சுமை போகும் வழியாலும் மாறும். இதற்கு நமக்கு மிக அருகிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. இந்தியாவின் ஸ்ரீஹரிகோட்டா ஏவுதளத்திலிருந்து பிஎஸ்எல்வி ஏவூர்தி, புவியின் துருவங்களுக்கு மேலாகச் சுற்றும் துருவப் பாதைக்குப் போகும்போது நேரே தெற்கே போக முடியாது. வழியில் இலங்கை இருக்கிறது. அதனால் முதலில் கிழக்கே சாய்ந்து கடலுக்கு மேலாகப் போய்ப் பிறகு திரும்புகிறது. அந்த வளைவுக்குச் செலவாகும் எரிபொருளால் பயன்சுமை குறைகிறது. தமிழ்நாட்டின் குலசேகரப்பட்டினத்திலிருந்து நேரே தெற்கே போகலாம். அங்கே சிறு ஏவூர்திகளுக்கென்று புதிய ஏவுதளத்துக்கு 2024 பெப்ரவரியில் அடிக்கல் நாட்டியதற்கு இதுவும் முக்கிய காரணம். எங்கள் தீவு இருக்கிற இடமே ஒரு ஊர்தியின் பயன்சுமையைத் தீர்மானிக்கிறது என்பதை முதன்முதலாக அறிந்தபோது எனக்குப் புல்லரித்தது.

வகைப்படுத்தலுக்கு: நாசாவின் வழக்கப்படி தாழ்ந்த சுற்றுப்பாதைக்கு 2 தொன் வரை சிறுசுமை, 20 வரை நடுச்சுமை, 50 வரை பெருஞ்சுமை, அதற்கு மேல் மீப்பெருஞ்சுமை. ரஷ்யர்கள் கடைசி எல்லையை 100 தொன்னில் வைக்கிறார்கள். ஆகையால் பெயரோடு எண்ணையும் எழுதும் வழக்கத்தை ஏற்படுத்திக்கொள்வது நல்லது. தமிழ்நாட்டு நண்பர்கள் இதற்கு வருத்தப்படக் கூடாது: தன் எல்விஎம்3 ஏவூர்தியை இஸ்ரோ பெருஞ்சுமை என்றுதான் சொல்கிறது, ஆனால் சுமார் 8 தொன் என்ற கணக்கில் இந்த வரிசையில் அது நடுச்சுமை. அதில் குறைவு ஒன்றுமில்லை. 2023 ஜூலை 14ஆம் திகதி அதில் புறப்பட்ட சந்திரயான் 3, சுற்றுப்பாதையைப் படிப்படியாக உயர்த்தி ஓகஸ்ட் 5ஆம் திகதிதான் சந்திரனைச் சுற்றத் தொடங்கியது. அப்பலோ 11 மூன்று நாளில் போனது. சுமை குறைந்த ஊர்தியால் பொறுமையாகப் போய் இறங்கிக் காட்டினார்கள்.

மிகைச்சுமை, அதிசுமை இரண்டும் வேண்டாம்; அளவுக்கு மீறி ஏற்றியதைத்தான் அவை குறிக்கும். மீக்கடத்தியில் (சூப்பர்கண்டக்டர்) வருகிற "மீ" தான் எனக்குச் சரியாகப் படுகிறது. சட்டர்ன் 5, எஸ்எல்எஸ் இரண்டையும் 2023 ஏப்ரல் 20 முதல் சோதனையில் பறந்துவரும் ஸ்டார்ஷிப்பையும் மீப்பெருஞ்சுமை ஏவூர்தி என்று எழுதிப் பார்த்தேன், சொல் கொஞ்சம் நீளம்தான். இதைவிடக் குறுகிய முன்னொட்டு யாருக்காவது தோன்றினால் அனுப்புங்கள், நான் மகிழ்ச்சியோடு மாற்றிக்கொள்வேன். சுமையை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

அன்புடன்,
மட்டக்களப்பிலிருந்து ஒரு விஞ்ஞான ஆசிரியர்