'எக்ரீஜியஸ்': பாராட்டு வசையானது எப்படி?

சொல்விரும்பி: மன்னிக்க முடியாத பிழையைச் சுட்ட இன்று ஆங்கிலத்தில் வரும் 'எக்ரீஜியஸ்' என்ற அடைமொழி, பிறந்தபோது பாராட்டுச் சொல்லாகவே இருந்தது. லத்தீனில் 'க்ரெக்ஸ்' என்றால் மந்தை. மந்தையிலிருந்து விலகித் தனித்துத் தெரிபவர், அதாவது சிறப்புமிக்கவர் என்பதே அதிலிருந்து வந்த 'எக்ரேகியுஸ்' என்ற லத்தீன் சொல்லின் பொருள். இத்தாலியர்கள் இன்றும் முறையான கடிதங்களை 'எக்ரேஜோ' என்ற மரியாதை விளியோடு தொடங்குகிறார்கள். ஆங்கிலேயர்கள் கிண்டலாகச் சொல்லிச் சொல்லியே இதை வசையாக்கினார்கள் என்பது என் துணிபு. ஊரை ஏமாற்றுபவரை நாம் 'பெரிய மனுஷன்' என்று சொல்வதில்லையா?

எதிர்வாதி: கிண்டல் என்ற விளக்கம் சுவையானதுதான்; ஆனால் நூல்கள் அப்படிக் காட்டவில்லை. ஷேக்ஸ்பியர் காலத்து நாடகாசிரியர் மார்லோவின் 'டாம்பர்லேன்' நாடகத்தின் இரண்டாம் பகுதியில் ஆளுநர்களை மதிப்போடு விளிக்க இச்சொல் வருகிறது. ஷேக்ஸ்பியரின் 'சிம்பலின்' நாடகத்திலோ, மனைவியைக் கொல்லச் செய்துவிட்டதாக நம்பும் போஸ்துமஸ், தன்னையே கொலைகாரன் என்று நொந்துகொள்ளும் இடத்தில் இதே அடைமொழியைச் சேர்த்துக்கொள்கிறான். அப்படிக் கதறுகிறவன் கிண்டலா செய்வான்? அவருடைய 'ஐந்தாம் ஹென்றி' நாடகத்தில் பிஸ்டல் என்ற படைவீரன், பிடிபட்ட எதிரியிடம் கேட்கும் பிணைத்தொகைக்கு இதை அடையாக்குகிறான். அங்கே புகழும் இல்லை, பழியும் இல்லை, 'மிகப் பெரிய' என்ற அளவு மட்டுமே இருக்கிறது. 'மகா முட்டாள்' என்னும்போது 'மகா' செய்யும் வேலையைத்தான் இச்சொல்லும் செய்தது.

தமிழ்மாணவி: நம் 'நாற்றம்' என்ற சொல்லும் இதே வழியில் வந்ததுதானே? 'கருப்பூரம் நாறுமோ' என்று ஆண்டாள் பாடியபோது அது நறுமணம். அது கெட்ட வாடையாக மாறியதில் யாருடைய கிண்டலும் இல்லை.

சொல்விரும்பி: அந்த ஒப்புமை இங்கே பொருந்தாது. நாற்றம் என்பது பொதுவாக மணத்தைக் குறித்த சொல். அதன் ஒரு பக்கம் மட்டும் நிலைத்துவிட்டது. 'எக்ரேகியுஸ்' லத்தீனிலேயே புகழ்ச்சிச் சொல். எதிர்வாதியின் 'மகா'வும் அவருக்கு உதவாது, ஏனெனில் 'மகா முட்டாள்' என்று எத்தனை முறை சொன்னாலும் 'மகாகவி' வசையாகிவிடவில்லை. ஆங்கிலத்தில் மட்டும் நல்ல பொருள் ஏன் செத்தது? போஸ்துமஸ் பேசும் காலத்திற்குள் கிண்டல் தேய்ந்து, வசை மட்டும் எஞ்சியிருக்கலாம் அல்லவா?

எதிர்வாதி: 'இருக்கலாம்' என்பது சான்றாகாது. நல்ல பொருள் உடனே சாகவும் இல்லை: 1755-இல் வெளிவந்த சாமுவேல் ஜான்சனின் ஆங்கில அகராதி இரண்டு பொருளையும் தருகிறது, தீய பொருளே வழக்கம் என்ற குறிப்போடு. தலைமுறை தலைமுறையாக இரண்டும் அருகருகே வாழ்ந்திருக்கின்றன. சிறப்பைச் சொல்ல 'எமினென்ட்', 'எக்ஸலன்ட்' என்று வேறு சொற்கள் ஏற்கெனவே தாராளமாக இருந்தன. கேடு எவ்வளவு பெரிது என்று ஒரே சொல்லில் சொல்ல இது கைகொடுத்தது. ஆகவே புழங்கிய பக்கம் தங்கியது, புழங்காத பக்கம் உதிர்ந்தது.

தமிழ்மாணவி: அப்படியென்றால், மேலதிகாரிக்குப் பாராட்டு மடல் எழுதும்போது லத்தீன் வேரை நம்பி இச்சொல்லைப் போட்டுவிடக் கூடாது, இத்தாலிய மொழியில் எழுதினால் மட்டும் தாராளமாகப் போடலாம்.