மறு: நோபல் பட்டியலுக்கு என்ன தலைப்பு?

> 'நோபல் பரிசு பெற்றவர்கள்' என்றாலே எல்லோருக்கும் புரிகிறதே, புதுச் சொல் எதற்கு?

நியாயமான கேள்விதான். ஆங்கிலத்தில் 'Nobel laureates' எனப்படுவோரின் பட்டியலைத் தமிழில் நானும் அப்படி நினைத்துத்தான் தொடங்கினேன். 1901இல் இருந்து வரிசையாக இறங்கி வந்து, 1964 இலக்கியத்தில் மாட்டிக்கொண்டேன். பிரெஞ்சு எழுத்தாளர் சார்த்தர் பரிசை வேண்டாம் என்று மறுத்துவிட்டார். இலக்கியப் பரிசுக்கு ஆளைத் தேர்ந்தெடுக்கும் ஸ்வீடிஷ் அக்காதெமி தன் முடிவை மாற்றவில்லை. பட்டியலில் அவர் பெயர் இன்றும் இருக்கிறது. 1973இல் அமெரிக்காவின் கிஸ்ஸிஞ்சரோடு சேர்த்து அமைதிப் பரிசு அறிவிக்கப்பட்ட வட வியட்நாமின் லே டுக் தோ, வியட்நாமில் இன்னும் அமைதி வரவில்லை என்று சொல்லி மறுத்தார். 2011இல் மருத்துவத்துக்குத் தேர்வான ரால்ஃப் ஸ்டைன்மன், அறிவிப்புக்கு 3 நாள் முன்பே இறந்துபோயிருந்தார். தேர்வுக் குழுவுக்கு அது தெரியாது. இறந்தவருக்குப் பரிசு இல்லை என்பது விதி. இருந்தாலும், உயிரோடு இருக்கிறார் என்று நம்பி எடுத்த முடிவு செல்லும் என்று விட்டுவிட்டார்கள்.

இந்த மூவரும் பட்டியலில் உண்டு. மூவருமே கைநீட்டி வாங்கவில்லை. 'பெற்றவர்' என்று தலைப்பிட்டுவிட்டு, கீழே 'பெறவில்லை' என்று அடிக்குறிப்பு போடுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

> அப்படியானால் 'நோபல் வெற்றியாளர்'?

யாரை வென்றார்? தன் பெயரைத் தானே முன்மொழிய முடியாது. யார் யார் முன்மொழியப்பட்டார்கள் என்ற விவரம் 50 ஆண்டுகளுக்கு வெளியே வராது. போட்டியில் இருந்ததே தெரியாதவரை வெற்றியாளர் என்பது கொஞ்சம் வேடிக்கை. 'நோபல் அறிஞர்' என்ற யோசனையும் வந்தது. 2014இல் மலாலாவுக்கு வயது 17, பள்ளி மாணவி. அவரை வேறு எப்படிப் புகழ்ந்தாலும் அறிஞர் என்பது பொருந்தாது.

'பரிசிலர்' என்று ஒரு நண்பர் எழுதியதைப் பார்த்ததும் எனக்கு ஆசை வந்தது. பழைய சொல், அழகான சொல். ஆனால் சங்கப் பாடல்களில் பரிசிலர் என்பவர் வள்ளலைத் தேடிப் போகிறவர். பரிசில் வேண்டி நிற்பவர். நோபலோ தேடிப் போனால் கிடைக்காது. (போகிற போக்கில் ஒன்று: அதியமான் தன்னைப் பார்க்காமலே கொடுத்தனுப்பிய பொருளை, 'வாணிகப் பரிசிலன் அல்லேன்' என்று புறநானூற்றுப் புலவர் பெருஞ்சித்திரனார் மறுக்கிறார். சார்த்தருக்கு நம்மிடம் ஒரு முன்னோடி உண்டு.)

சரி, மூலச் சொல்லான 'laureate' என்ன சொல்கிறது? லாரல் இலையால் கட்டிய மாலையைத் தலையில் சூடியவர் என்கிறது. வாங்கினார், வென்றார் என்ற பேச்சே அதில் இல்லை. இலைக்கு நாம் எங்கும் போக வேண்டாம், நம்மிடம் வாகைப் பூ இருக்கிறது. அதனால் என் பரிந்துரை: நோபல் வாகையர்.

> வாகை சூடினார் என்றால் தேர்தல் செய்திதான் நினைவுக்கு வருகிறது. 'வெற்றியாளர்' வேண்டாம் என்றவர் இதை எப்படி ஏற்கலாம்?

நல்ல அடி. இன்றைய வழக்கு அப்படித்தான். ஆனால் தொல்காப்பியத்தின் வாகைத் திணை போர்க்களத்தோடு நிற்கவில்லை. 'தாவில் கொள்கைத் தத்தம் கூற்றைப் பாகுபட மிகுதிப் படுத்தல்' என்பதே அங்கே இலக்கணம். அதாவது அவரவர் தமக்குரிய துறையில் மேலோங்குவது. அரசனுக்கு ஒரு வாகை இருப்பதுபோல அறிவனுக்கும் ஒன்று உண்டு. இயற்பியலுக்கும் இலக்கியத்துக்கும் அமைதிக்கும் சேர்த்து ஒரே சொல் தேடுகிற நமக்கு இதைவிடப் பொருத்தமாக எது கிடைக்கும்? போட்டி வாடை லாரலுக்கும் இருந்ததுதான்: பண்டைக் கிரேக்கத்தின் டெல்ஃபியில் நடந்த பைதிய விளையாட்டுகளில் ஓட்டக்காரனுக்கும் யாழ் வாசித்தவனுக்கும் அந்த மாலைதான். அந்த வாடை பிறகு போய்விட்டது. வாகைக்கும் போகும், நாம் புழங்கினால்.

எனக்கே உறுத்தியது வேறொன்று. செஞ்சிலுவைப் பன்னாட்டுக் குழு 1917, 1944, 1963 என மும்முறை அமைதிப் பரிசுக்குத் தேர்வானது. அமைப்பு அஃறிணை, அதை 'வாகையர்' என்று எழுத முடியாது. 'வழிகாட்டி' ஆளுக்கும் பொருந்துகிறது, நூலுக்கும் பொருந்துகிறது. அதுபோல 'வாகைசூடி' என்று வைக்கலாமே என இரண்டு நாள் மகிழ்ந்திருந்தேன். அப்புறம் ஒரு வாக்கியத்தில் போட்டுப் பார்த்தேன்: 'நோபல் வாகைசூடி உரை நிகழ்த்தினார்.' பெயராகவே படவில்லை, வினையெச்சமாக ஓடுகிறது. விட்டுவிட்டேன்.

இப்போதைக்கு ஆளுக்கு 'நோபல் வாகையர்', நிறுவனத்துக்கு 'நோபல் வாகை அமைப்பு'. ஒருமைக்கும் 'வாகையர்'தான், மரியாதைப் பன்மையாக: மேரி கியூரி 1903இல் இயற்பியல் வாகையர், 1911இல் வேதியியல் வாகையர். 'நோபல் பரிசு' அப்படியே இருக்கட்டும், அதில் யாருக்கும் சிக்கல் இல்லை.

மறுப்பு இருந்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் எழுதுங்கள். சார்த்தரின் வரியை இன்னும் காலியாகவே வைத்திருக்கிறேன்.