விமானப் பயணப் பெட்டியில் ஸ்ப்ரே டப்பாக்கள்: தருமபுரி, கிருஷ்ணகிரி பயணிகளின் அனுபவங்கள்

கிருஷ்ணகிரி, பயணச்சீட்டு முன்பதிவு நிலையம் நடத்துபவர்:

விமானச்சீட்டு எடுக்க எங்கள் அலுவலகத்துக்கு வருகிறவர்கள், எத்தனை கிலோ கொண்டுபோகலாம் என்ற கேள்விக்கு அடுத்தபடியாக இப்போது கேட்பது ஸ்ப்ரே டப்பாக்களைப் பற்றித்தான். நம் பகுதியில் பெரும்பாலோர் ஓசூர் வழியாகப் பெங்களூரு தேவனஹள்ளிக்குப் போகிறார்கள். தருமபுரிப் பக்கத்தார் சிலர் சென்னைக்குப் போக ஓமலூரை அடுத்த காமலாபுரம் விமான நிலையத்தைப் பயன்படுத்துகிறார்கள். எங்கிருந்து ஏறினாலும் பெட்டிக்குள் எது போகலாம், எது கூடாது என்பதன் அடிப்படை ஒன்றே. அது தெரியாததால் கடைசி நேரத்தில் பெட்டியைத் திறந்து நிற்கும் குடும்பங்களைப் பார்த்து மனம் வருந்தியே இதை எழுதுகிறேன்.

பர்கூரைச் சேர்ந்த ஒரு தம்பதி, டெல்லியில் புதிதாகக் குடியேறிய மகள் வீட்டுக்குப் புறப்பட்டார்கள். கரப்பான்பூச்சி ஸ்ப்ரே, அறை வாசனை ஸ்ப்ரே, ஷேவிங் ஃபோம், பாடி ஸ்ப்ரே ஆகிய நான்கையும் செக்-இன் பெட்டியில் வைத்திருந்தார்கள். பெட்டியை ஒப்படைத்துவிட்டு உள்ளே சென்றவர்களை ஊழியர்கள் திரும்ப அழைத்து, பெட்டியைத் திறக்கச் சொல்லி, முதல் இரண்டை எடுத்துக்கொண்டு மற்ற இரண்டை அப்படியே விட்டுவிட்டார்கள். ஊர் திரும்பியதும் அந்தப் பெரியவர் என்னிடம் வந்து, "பூச்சி மருந்து டப்பாவிலும் தீச்சுடர் படம் இருக்கிறது, பாடி ஸ்ப்ரேயிலும் அதே படம் இருக்கிறது, ஒன்றை எடுத்தார்கள், ஒன்றை விட்டார்கள், இது என்ன நியாயம்?" என்று கேட்டார். மிகச் சரியான கேள்வி அது.

இரண்டிலும் உள்ளிருப்பதை வெளியே தள்ளுவது பெரும்பாலும் பியூட்டேன், புரொப்பேன் போன்ற, நம் சமையல் எரிவாயுவில் உள்ள அதே வாயுக்கள்தான். 1987-ஆம் ஆண்டின் மான்ட்ரியல் உடன்படிக்கைக்குப் பிறகு ஓசோன் படலத்தைக் கெடுக்கும் பழைய வாயுக்கள் படிப்படியாக விலக்கப்பட்டதால், எரியக்கூடிய இவ்வாயுக்களே பரவலாகிவிட்டன. எனவே ஆபத்து என்று பார்த்தால் இரண்டும் ஒன்றுதான். ஆனாலும் உடம்புக்குப் பூசும் பொருளும் மருந்தும் பயணிக்குத் தேவை என்பதால், அளவு வரம்பு வைத்து அவற்றுக்கு மட்டும் சர்வதேச விதிகள் விலக்கு அளித்திருக்கின்றன. ஒரு டப்பா 500 மி.லி. அல்லது 500 கிராமுக்கு மேல் இருக்கக் கூடாது. ஒருவருக்கு எல்லாம் சேர்த்து 2 லிட்டர் அல்லது 2 கிலோவுக்கு மேல் போகக் கூடாது. அழுத்தும் முனை தற்செயலாக அமுங்காதபடி மூடி இருக்க வேண்டும். வீட்டுக்கும் பட்டறைக்குமான ஸ்ப்ரேக்கள் எரியும் வகையாக இருந்தால், கைப்பையிலும் இடமில்லை, செக்-இன் பெட்டியிலும் இடமில்லை. எரியாத, நச்சில்லாத வகையாக இருந்தால் செக்-இன் பெட்டியில் மட்டும், அதே 2 லிட்டர் கணக்குக்குள் அனுமதி உண்டு. ஆகவே டப்பாவில் உள்ள படத்தை மட்டும் பார்த்து முடிவு செய்யாமல், அது எதற்குப் பயன்படுவது என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

விமான நிறுவனம் தன் அளவில் இன்னும் கடுமையாக இருக்கலாம் என்பதால், சீட்டு எடுத்த நிறுவனத்தின் பட்டியலையும் ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது. உங்களுக்கு நேர்ந்ததையும் எழுதுங்கள். அடுத்துப் போகிறவர்களுக்குப் பயன்படும்.

ஓசூர், இயந்திரப் பராமரிப்புப் பிரிவில் பணிபுரிபவர்:

அண்ணா, பட்டறை ஸ்ப்ரே பற்றி நீங்கள் எழுதியது எங்கள் சிப்காட் பகுதித் தொழிலாளர்கள் அனைவரும் படிக்க வேண்டியது. வெளிமாநிலத் தொழிற்சாலையில் இயந்திரம் நின்றுவிட்டால் மறுநாள் காலையே அங்கே இருக்க வேண்டும் என்று எங்களை அனுப்புவார்கள். ஸ்டோரில் கருவிப் பெட்டியைக் கட்டும்போது ஸ்பேனர், கேஜ் ஆகியவற்றோடு துரு விடுவிக்கும் ஸ்ப்ரேயையும் மின் இணைப்புகளைத் துடைக்கும் ஸ்ப்ரேயையும் வழக்கம்போலச் சேர்த்துவிடுவார்கள். புனே சென்ற ஒரு பயணத்தில் இரண்டுமே பெங்களூரில் எடுக்கப்பட்டன. பெட்டியைத் திறந்த பாதுகாப்பு ஊழியர் டப்பாவைத் திருப்பி, பின்பக்கத்தில் பொடி எழுத்தில் இருந்த எச்சரிக்கையை விரலால் தொட்டுக் காட்டினார். எளிதில் தீப்பற்றக்கூடியது, 50 டிகிரி செல்சியசுக்கு மேற்பட்ட வெப்பத்தில் வைக்கக் கூடாது, காலியான பின்னும் துளையிடக் கூடாது என்று அதில் இருந்தது. நாள்தோறும் கையில் பிடிக்கும் டப்பா அது. அந்த எழுத்தை எங்களில் ஒருவரும் நின்று படித்ததில்லை.

அதன் பிறகு எங்கள் மேலாளர் நல்ல ஏற்பாடு ஒன்றைச் செய்தார். புறப்படும் முன்பே அந்தத் தொழிற்சாலையின் ஸ்டோருக்குத் தொலைபேசியில் பேசி, தேவையான ஸ்ப்ரேயை அங்கேயே வாங்கி வைக்கச் சொல்லிவிடுகிறோம். நாள் இருந்தால் லாரி பார்சலில் தரைவழியாக அனுப்புகிறோம். சில இளைஞர்கள் டப்பாவைத் துணியில் சுற்றிக் கருவிகளுக்கு நடுவே வைத்தால் ஸ்கேனரில் தெரியாது என்று சொல்லிக்கொள்கிறார்கள். இரும்புக் கருவிகளுக்கு நடுவே உருளையான ஒரு பொருள் திரையில் நன்றாகவே தெரியும். தெரியாமலே போனாலும் அப்படிச் செய்யக் கூடாது. அந்த விமானத்தில் நாமும்தான் உட்கார்ந்திருக்கிறோம்.

தருமபுரி, உடற்கல்வி ஆசிரியர்:

எங்கள் கபடி அணி மாணவர்களுக்கு முதன்முறையாக விமானத்தில் போகும் வாய்ப்புக் கிடைத்தபோது, முதலுதவிப் பெட்டியை என் பொறுப்பில் எடுத்துக்கொண்டேன். முழங்கால், கணுக்கால் பிடிப்புக்கு வலி நிவாரண ஸ்ப்ரே இல்லாமல் கபடி ஆட முடியாது. இவை மருந்துப் பொருள்கள் என்பதால் செக்-இன் பெட்டியில் அனுமதி கிடைத்தது. ஆனால் ஒரு டப்பாவுக்கு மூடி இல்லை. மைதானத்தில் அவசரத்துக்குத் திறக்கும்போது மூடி எங்கோ உருண்டுவிடும், எந்தப் பள்ளியிலும் நடப்பதுதான். பரிசோதகர் மூடி இருந்தவற்றைப் பையில் விட்டுவிட்டு, அந்த ஒன்றை மட்டும் தனியே எடுத்து வைத்தார். "ஷூவோ தண்ணீர் பாட்டிலோ இந்த முனைமேல் அழுத்தினால் டப்பா முழுவதும் பெட்டிக்குள்ளேயே காலியாகிவிடும், சார். அந்த வாயு காற்றைவிடக் கனமானது, கலைந்து போகாமல் அடியிலேயே தங்கும்" என்று அவர் பொறுமையாக விளக்கியதை மாணவர்களும் கூடி நின்று கேட்டார்கள். இப்போது அவர்களே மைதானத்தில் மூடியைத் தேடி எடுத்துக் கொடுக்கிறார்கள்.

உடற்கல்வி ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். அணிக்குத் தேவையான எல்லா ஸ்ப்ரேயையும் ஒருவர் பெட்டியிலேயே வைக்காதீர்கள். வரம்பு ஆளுக்கு 2 லிட்டர் என்பதால் உடன் வரும் ஆசிரியர்கள் பிரித்து வைத்துக்கொள்வதே சரி. தசைப்பிடிப்புக்கு ஸ்ப்ரேதான் வேண்டும் என்பதும் இல்லை. களிம்பு பல இடங்களில் போதும்.

பாப்பிரெட்டிப்பட்டி, வளைகுடாவிலிருந்து திரும்பியவர்:

ஊருக்கு வருகிறோம் என்றால் மாமன் மகன், பங்காளி வீடு, பக்கத்து வீட்டுப் பையன் என்று எல்லோருக்கும் ஒரு பாடி ஸ்ப்ரேயாவது கொடுக்க வேண்டும். வெறுங்கையோடு வந்தான் என்ற பேச்சை யாரும் விரும்புவதில்லை. அதனால் எங்கள் அறையில் பலரும் ஊருக்குப் புறப்படும்போது பெட்டியின் ஓரங்களில் டப்பாக்களை வரிசையாக அடுக்குவார்கள். கணக்குப் போட்டுப் பார்த்தால், 150 மி.லி. டப்பா என்றால் 13 வைத்தாலே 1,950 மி.லி. ஆகிவிடுகிறது, 200 மி.லி. என்றால் பத்தோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். அத்தர், சென்ட் பாட்டில்களும் இதே கணக்கில் சேரும் என்பது பலருக்குத் தெரியாது. வாயு இல்லாத பாடி ஸ்ப்ரே என்று விற்பதிலும் ஆல்கஹால் இருப்பதால் அதையும் சேர்த்தே எண்ண வேண்டும்.

என்னோடு ஒரே விமானத்தில் வரவிருந்த நண்பர் ஒருவரின் பெட்டியில் இரண்டு டசனுக்கு மேல் இருந்தன. கவுன்ட்டரில் இருந்தவர்கள் வரம்புக்கு மேற்பட்டதை எடுத்துவிட்டுத்தான் பெட்டியை வாங்கினார்கள். எடுத்தவை எல்லாம் பெயர் எழுதி ஒட்டியவை: அண்ணன் மகன், சின்னம்மா வீடு, கோயில் பூசாரி மகன் என்று ஒவ்வொன்றிலும் பேனாவால் எழுதியிருந்தார். மாதச் சம்பளத்தில் மிச்சம் பிடித்து வாங்கியவை. அந்த இழப்பை யாரும் படக் கூடாது என்பதற்காகவே சொல்கிறேன், தம்பிகளே: அன்பளிப்பில் பாதியைச் சோப்பாகவும் பவுடராகவும் மாற்றிக்கொள்ளுங்கள். உறவுக்காரர்கள் குறையாக நினைக்க மாட்டார்கள்.

தேன்கனிக்கோட்டை, கல்லூரி மாணவியின் தாயார்:

என் மகள் சிங்கப்பூர் சென்றபோது கைப்பையில் இருந்த 150 மி.லி. பாடி ஸ்ப்ரேயை அனுமதிக்கவில்லை. அடியில் கொஞ்சமே மீதி இருந்தது என்று அவள் குலுக்கிக் காட்டியும் பயனில்லை. வெளிநாட்டு விமானங்களில் கைப்பைக்குப் பாத்திரத்தின் அளவுதான் கணக்கு, 100 மி.லி. வரை கொள்ளும் பாத்திரங்களை, ஒரு லிட்டர் கொள்ளும் ஒளிபுகும் பை ஒன்றில் அடக்கி வைக்க வேண்டும். 2006 ஆகஸ்டில் லண்டனிலிருந்து புறப்படும் விமானங்களைத் திரவ வெடிபொருளால் தகர்க்கும் சதி வெளிப்பட்டதை அடுத்து வந்த கட்டுப்பாடு இது என்று பின்னர் படித்தேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். வெளியூரில் படிக்கும் பெண் பிள்ளைகளுக்குத் தற்காப்புக்காக மிளகு ஸ்ப்ரே வாங்கிக் கொடுக்கிறோம். சாவிக்கொத்தில் தொங்குவதால் அது நினைவிலேயே இருக்காது. விமானத்துக்கு அது கைப்பையிலும் கூடாது, பெட்டியிலும் கூடாது. புறப்படும் முன்பு சாவிக்கொத்தை ஒருமுறை பாருங்கள்.

அரூர், ஆஸ்துமா உள்ளவர்:

இன்ஹேலரும் அழுத்தத்தில் அடைத்த டப்பாதான் என்பதால் முதல் பயணத்துக்கு முன் மிகவும் அஞ்சினேன். மருத்துவர் சீட்டோடு கைப்பையில் வைத்திருந்தேன், யாரும் தடுக்கவில்லை. அதைச் செக்-இன் பெட்டியில் போடாதீர்கள். மூச்சுத் திணறும்போது அது கைக்கு எட்டும் இடத்தில் இருக்க வேண்டும்.

பாலக்கோடு, முதன்முறையாகப் பயணம் செய்யப்போகிறவர்:

எல்லாம் படித்தேன், ஐயா. அனுமதி உள்ளதென்றாலும், அவ்வளவு உயரத்தில் பெட்டி வைக்கும் அறையில் காற்றழுத்தம் குறைந்து டப்பா வெடித்துவிடாதா என்று என் வீட்டில் அம்மா கேட்கிறார்கள்.

கிருஷ்ணகிரி, பயணச்சீட்டு முன்பதிவு நிலையம் நடத்துபவர்:

அம்மாவிடம் தைரியமாகச் சொல்லுங்கள், தம்பி. பயணிகள் விமானத்தில் நாம் அமரும் பகுதியைப் போலவே பெட்டிகள் வைக்கும் அடிப்பகுதியிலும் காற்றழுத்தம் பேணப்படுகிறது. அது ஏறத்தாழ 8,000 அடி உயர மலையில் இருக்கும் அளவுக்குக் குறையும். அதாவது தரையில் உள்ளதில் முக்கால் பங்கு இருக்கும். டப்பாவுக்குள் இருக்கும் அழுத்தமோ வெளிக்காற்றைப்போலப் பல மடங்கு. அந்தக் கால் பங்குக் குறைவை நல்ல நிலையில் உள்ள டப்பா எளிதாகத் தாங்கும்.

உண்மையில் அஞ்ச வேண்டியது வெப்பத்துக்குத்தான். 2017-இல் அமெரிக்க விமானப் போக்குவரத்து நிர்வாகத்தின் சோதனைகள் பற்றிய விவரம் வெளியானது. ஒரு பெட்டிக்குள் மடிக்கணினியின் லித்தியம் பேட்டரியை வேண்டுமென்றே சூடாக்கி, அருகில் தலைமுடிக்கான ஸ்ப்ரே டப்பா ஒன்றை வைத்தார்கள். உடனே தீப்பற்றி, ஒரு நிமிடம்கூட ஆகாமல் டப்பா வெடித்தது. சரக்கு அறையில் தீயணைக்கப் பயன்படும் ஹாலான் வாயு அப்படிப்பட்ட வெடிப்புக்கு ஈடுகொடுக்காது என்பதே அவர்கள் கவலை. பவர் பேங்க்கைச் செக்-இன் பெட்டியில் போடவே கூடாது, கைப்பையில்தான் வைக்க வேண்டும் என்று வற்புறுத்துவதன் காரணம் இப்போது உங்களுக்கு விளங்கும். மடிக்கணினியையும் கையோடு கொண்டுபோய்விடுங்கள்.

சித்திரை, வைகாசி வெயிலில் பாலக்கோட்டிலிருந்து தேவனஹள்ளி வரை காரில் போகிறீர்கள் என்றால், வழியில் சாப்பிட நிறுத்தும் இடத்தில் பெட்டி இருக்கும் காரை நிழலில் நிறுத்தச் சொல்லுங்கள். வெயிலில் மூடி நிறுத்திய காரின் உட்புறம் டப்பாவில் அச்சிட்ட அந்த 50 டிகிரியைத் தாண்டிவிடும். டப்பாவின் உடலில் நசுங்கலோ துருவோ இருந்தால் அதை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள். மூடியின் மேல் ஒரு சுற்று டேப் ஒட்டி, துணிகளுக்கு நடுவே நிறுத்தி வைத்தால் போதும்.