1992 பங்குச் சந்தை ஊழல் பற்றி நாவல்: மனிதர்களை எங்கே வைப்பது?

திருச்சிக்காரன் கேட்கிறார்:

வணக்கம். 1992 பம்பாய் பங்குச் சந்தை ஊழலைப் பின்னணியாக வைத்து ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். பாதிக்கு மேல் வந்துவிட்டது. நாயகன் ஒரு புரோக்கர், அந்த ஊழலின் மையத்தில் இருந்த புரோக்கர் ஹர்ஷத் மேத்தாவின் சாயல் உள்ளவன். 200 ரூபாய் ஏ.சி.சி. சிமெண்ட் கம்பெனிப் பங்கு 9000 வரை ஏறியது, வொர்லியில் கடலைப் பார்த்த வீடு, லெக்சஸ் கார், அந்த ஏப்ரலில் சென்செக்ஸ் 4467-ஐத் தொட்டது, பிறகு சரிவு, கைது என்று எல்லாம் இருக்கிறது.

படித்த நண்பர்கள் இரண்டு பேரும் ஒரே குறையைத்தான் சொன்னார்கள். விறுவிறுப்பாகப் போகிறது, ஆனால் கதையில் யாருக்கும் வலிக்கவில்லை என்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் படுகிறது. ஊழலை விசாரித்த ஜானகிராமன் கமிட்டி சொன்ன நாலாயிரம் கோடி ரூபாயை எழுதுகிறேன், அது யார் வயிற்றில் அடித்த பணம் என்று காட்ட முடியவில்லை. பணம் வங்கியுடையது, வங்கி அரசுடையது, அதோடு நின்றுவிடுகிறது.

அந்தக் காலத்தில் பம்பாயில் வங்கியிலோ பங்குச் சந்தை இருக்கும் தலால் ஸ்ட்ரீட்டிலோ வேலை பார்த்தவர்கள், பங்கு வாங்கி மாட்டிக்கொண்டவர்கள் இங்கே இருந்தால் சொல்லுங்கள். அந்த அடி யார் மீது, எப்படி விழுந்தது?

சி.ஏ. மாணவன்:

புரோக்கரை வில்லனாக எழுதாதீர்கள். அவன் தலைக்குள் போய் எழுதுங்கள். அவனுக்கும் குடும்பம் உண்டு, அவனுக்கும் பயம் உண்டு. பணத்தின் விலை என்ன என்பது அங்கேயே கிடைத்துவிடும்.

சயான்வாசி:

தம்பி, மேலே எழுதியவர் சொன்னதில் எனக்கு உடன்பாடில்லை. புரோக்கரின் தலைக்குள் ஏற்கனவே நிறைய பேர் போய் வந்துவிட்டார்கள். நீங்கள் அவனை விட்டு வெளியே வாருங்கள்.

எங்கள் பூர்வீகம் திருநெல்வேலிப் பக்கம். அப்பா தோல் வேலைக்காகத் தாராவி வந்தவர். நான் டைப்ரைட்டிங் ஹையர் முடித்து ஃபோர்ட்டில் ஒரு வங்கியில் டைப்பிஸ்டாகச் சேர்ந்தேன். வங்கியின் பெயர் வேண்டாம். 1992-இல் முதலீட்டுப் பிரிவில் இருந்தேன். உங்கள் கதையில் பி.ஆர். என்று ஒன்று வந்திருக்கும். பேங்க் ரிசீட். அதை டைப் அடித்தவர்களில் நானும் ஒருத்தி.

வாசகருக்கு இது புரிந்தால்தான் மற்றதெல்லாம் புரியும் என்பதால் சொல்கிறேன். வங்கிகள் தாங்கள் திரட்டிய பணத்தில் 38.5 சதவீதத்தை அரசுப் பத்திரம் போன்றவற்றில் வைத்திருக்க வேண்டிய காலம் அது. ஒரு வங்கிக்குப் பத்திரம் குறையும், இன்னொரு வங்கிக்குப் பணம் குறையும். பத்துப் பதினைந்து நாளுக்கு விற்று, பேசிய விலையில் திரும்ப வாங்கிக்கொள்வார்கள். ரெடி ஃபார்வர்டு என்பது இதுதான். பத்திரம் கைமாறியதை ரிசர்வ் வங்கியின் பொதுக் கடன் அலுவலகத்தில் பேரேட்டில் கையால் எழுதுவார்கள், அதற்கு நாளாகும். அதுவரை சும்மா இருக்க முடியாதே. அதனால் விற்கும் வங்கி, பணம் வந்துவிட்டது, பத்திரத்தைப் பிறகு தருகிறோம் என்று ஒரு ரசீது கொடுத்துவிடும். பத்திரமே இல்லாமல் அந்த ரசீது மட்டும் ஊர் சுற்றியதுதான் ஊழல். செக்கில் வங்கியின் பெயர் இருக்கும், பணம் புரோக்கர் கணக்கில் வரவாகும். அந்தப் பணம்தான் உங்கள் ஏ.சி.சி. பங்கைத் தூக்கியது.

இனி நான் பார்த்தது. ரெமிங்டன் மிஷின், தாளுக்கு நடுவில் இரண்டு கார்பன். பத்திரத்தின் பெயர், வட்டி, முதிர்வு ஆண்டு, முகமதிப்பு, தொகை எண்ணிலும் எழுத்திலும். ஒரு சுழி தப்பினாலும் முழுத் தாளையும் மறுபடி அடிக்க வேண்டும், அழித்துத் திருத்தக் கூடாது. கீழே இரண்டு கையெழுத்து. ஒன்று மேலாளர், இன்னொன்று எங்கள் பிரிவு அதிகாரி. ப்யூன் அதை ஜிப் பையில் போட்டு, ஹார்னிமன் சர்க்கிளைச் சுற்றி நடந்து போய்க் கொடுத்துவிட்டு வருவார். போகும்போது பையில் ஐம்பது கோடி ரூபாய்க்கு ரசீது, வரும்போது அதே பையில் எங்களுக்கு வடா பாவ்.

ஒன்று விட்டு ஒரு வெள்ளிக்கிழமை ரிசர்வ் வங்கிக்குக் கணக்கு காட்ட வேண்டும். அன்று இருட்டும் வரை கிளம்ப முடியாது. மேலிருந்து ஃபோன் வரும், "அடித்து வையுங்கள், பத்திரம் பின்னாலேயே வருகிறது" என்று. பத்திரம் இருக்கிறதா என்று டைப்பிஸ்ட் கேட்கும் வழக்கமே கிடையாது. எங்கள் அதிகாரி கேட்டார். என் காது படவே கேட்டார். "எல்லா பேங்கிலும் இப்படித்தான் நடக்கிறது, நீங்கள் ஏன் பயப்படுகிறீர்கள்?" என்று பதில் வந்தது. அவர் கையெழுத்துப் போட்டார்.

ஏப்ரல் 23, வியாழக்கிழமை, டைம்ஸ் ஆஃப் இந்தியாவில் இந்த ஊழலை வெளிக்கொண்டுவந்த நிருபர் சுசேதா தலாலின் செய்தி வந்தது. அதற்குப் பின் சி.பி.ஐ. ஃபைல்களை வெள்ளைத் துணியில் மூட்டை கட்டி எடுத்துப் போனார்கள். என்னை உட்காரவைத்து மிஷினில் உள்ள எல்லா எழுத்தையும் எண்ணையும் அடிக்கச் சொல்லி மாதிரி எடுத்தார்கள், அப்புறம் மிஷினையும் கொண்டுபோனார்கள். அதிகாரியிடம் கையெழுத்து மாதிரி வாங்கினார்கள். தாள் தாளாக, அவர் பெயரை அவரே எழுதிக்கொண்டிருந்தார்.

அவருக்கு சஸ்பென்ஷன், பாதிச் சம்பளம். பாஸ்போர்ட் கோர்ட்டில். மகள் அமெரிக்காவில் பிள்ளை பெற்றபோது மனைவி மட்டும் போனார். ஓய்வு வயது வந்தது, வழக்கு இருப்பதால் பணிக்கொடையை நிறுத்திவைத்தார்கள். புரோக்கரிடம் அவர் ஒரு ரூபாய் வாங்கியதாகக் குற்றப்பத்திரிகையில்கூட இல்லை. ஹர்ஷத் மேத்தா 2001 டிசம்பர் 31 அன்று காவலில் இருக்கும்போதே இறந்தார். அவர் மீதான கிரிமினல் வழக்குகள் அவரோடு முடிந்தன. எங்கள் அதிகாரிக்கு வாய்தா தொடர்ந்தது.

என்னைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். இந்த ஊழல் வழக்குகளுக்கென்றே அமைத்த சிறப்பு நீதிமன்றத்தில் உயர் நீதிமன்ற நீதிபதிதான் உட்காருவார். காகிதத்தைக் காட்டி, இது நீங்கள் அடித்ததா என்றார்கள். ஆமாம் என்றேன். யார் சொல்லி அடித்தீர்கள் என்றார்கள். அவர் கையால் எழுதிக் கொடுத்த டிராஃப்டைப் பார்த்துத்தான் அடித்தேன். அதுதான் உண்மை, அதைத்தான் சொன்னேன். அவருக்கு ஃபோனில் சொன்னவரின் குரல் எந்தத் தாளிலும் இல்லை. அதைப் பற்றி என்னிடம் யாரும் கேட்கவில்லை, கேட்காததைச் சாட்சி சொல்லவும் முடியாது. படி இறங்கும்போது அவர் என்னிடம் வந்து, "பையன் பத்தாவது பரீட்சை எப்படி எழுதினான்?" என்று விசாரித்தார்.

உங்கள் நாவலுக்கு நான் சொல்வது இதுதான். ஒரே ஒரு பி.ஆரை எடுத்துக்கொள்ளுங்கள். அதை யார் எழுதினார், யார் அடித்தார், யார் கையெழுத்திட்டார், யார் தூக்கிக்கொண்டு நடந்தார், கடைசியில் யார் பெட்டியில் கிடந்தது என்று அதன் பின்னாலேயே போங்கள். நாலாயிரம் கோடியை வாசகரால் பிடிக்க முடியாது, ஒரு தாளைப் பிடிக்க முடியும். உத்தரவு வாயால் வந்தது, பொறுப்பு தாளில் தங்கியது. அடி தாளில் பெயர் இருந்தவர்கள் மீதுதான் விழுந்தது.

இன்னொன்றும் இருக்கிறது. பேங்க் ஆஃப் கராட் என்று ஒரு சின்ன வங்கி. பத்திரம் இல்லாமல் பி.ஆர். கொடுத்ததில் மாட்டி அந்த ஆண்டே விழுந்துவிட்டது. கராட் சதாரா மாவட்டத்து ஊர், சுற்றிலும் கரும்புக்காடு. அங்கே சேமிப்புக் கணக்கு வைத்திருந்தவர் தலால் ஸ்ட்ரீட்டைக் கண்ணால்கூடப் பார்த்திருக்க மாட்டார். வங்கிக் கதவு முன்னால் பாஸ்புக்கோடு அவரை நிறுத்துங்கள்.

கோவை வாசகர்:

சயான் அக்கா எழுதியதைப் படித்ததும் அப்பா ஞாபகம் வந்துவிட்டது. பங்கு வாங்கியவர்கள் பக்கத்தைச் சொல்கிறேன்.

அப்பா மில்லில் கிளார்க். விலை ஏறி எல்லோரும் வாங்கிய நேரத்தில் உள்ளூர் சப்-புரோக்கர் மூலம் கொஞ்சம் பங்கு வாங்கினார். அப்போது டீமேட் கிடையாது, காகிதச் சான்றிதழ்தான். டிரான்ஸ்ஃபர் டீடில் கையெழுத்துப் போட்டு, ஸ்டாம்ப் ஒட்டி, பெயர் மாற்றக் கம்பெனிக்கு ரெஜிஸ்டர் தபாலில் அனுப்பினார். திரும்பி வந்துவிட்டது. காரணம், அந்தப் பங்கு முன்பு யார் கை வழியாக வந்ததோ அவர் அரசு அறிவித்த பட்டியலில் இருக்கிறார். 1992 ஜூனில் வந்த அவசரச் சட்டப்படி அந்தப் பட்டியலில் உள்ளவர்களின் சொத்து எல்லாம் முடக்கம், அரசு நியமித்த கஸ்டோடியன் என்ற அதிகாரியின் பொறுப்பு. சந்தையில் அதைக் கறைபட்ட பங்கு என்றார்கள்.

அப்பா முழு விலை கொடுத்து நியாயமாக வாங்கியவர். ஹர்ஷத் மேத்தாவைப் பத்திரிகைப் படத்தில் பார்த்ததோடு சரி. ஆனாலும் பில், செக் விவரம், பிரமாணப் பத்திரம் எல்லாம் கொடுத்து, இது என்னுடையதுதான் என்று அவர்தான் நிரூபிக்க வேண்டியிருந்தது. சப்-புரோக்கர் கடையை மூடிவிட்டுப் போயிருந்தார். பழைய பில் இல்லை. சந்தை ஓராண்டுக்குள் பாதியாக இறங்கியதைப் பேப்பரில் பார்த்துக்கொண்டே இருந்தார். விற்றுத் தப்பிக்கவும் வழியில்லை.

சான்றிதழை பிளாஸ்டிக் உறையில் போட்டு பீரோவில் அம்மாவின் நகைப் பெட்டிக்கு அடியில் வைத்திருந்தார். தினமும் காலையில் விலைப் பக்கத்தில் அந்தக் கம்பெனியின் வரியில் பென்சிலால் ஒரு டிக் போடுவார். அக்காவின் கல்யாணத்துக்கு அந்தப் பணத்தைத்தான் கணக்குப் பண்ணியிருந்தார். கடைசியில் வட்டிக்கு வாங்கினோம். அம்மா அதற்குப் பிறகு எந்த முதலீட்டுக்கும் சம்மதிக்கவில்லை. எல்.ஐ.சி. ஏஜெண்டைக்கூட வாசலிலேயே அனுப்பிவிடுவார்.

திருச்சிக்காரன்:

இரண்டு பேருக்கும் எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. புரோக்கரை நாயகன் இடத்திலிருந்து எடுத்துவிடப் போகிறேன். அவன் ஒரு குரலாக மட்டும் வரட்டும்.

அக்கா, ஒன்று கேட்கலாமா? கடைசியில் அந்த அதிகாரி விடுதலை ஆவதாக முடித்தால் பொருந்துமா? வாசகருக்கு ஓர் ஆறுதல் வேண்டுமே என்று பார்க்கிறேன்.

சயான்வாசி:

கேளுங்கள் தம்பி, தாராளமாக. எங்கள் அதிகாரியும் விடுதலைதான் ஆனார். அப்போது எழுபது தாண்டிவிட்டது. ஆனால் அதைக் கடைசிப் பக்கத்தில் ஆறுதலாக வைக்காதீர்கள். தீர்ப்பு வந்த பிறகு என்ன நடந்தது என்று சொல்கிறேன், அதிலிருந்து நீங்களே முடிவு செய்யுங்கள்.

பணிக்கொடை கேட்டு வங்கிக்குப் போனார், துணைக்கு நானும் போனேன். தீர்ப்பின் சான்றிட்ட நகல் வேண்டும் என்றார்கள். நகல் வாங்கிக் கொடுத்தார். இந்தச் சிறப்பு நீதிமன்றத்தின் மேல்முறையீடு நேராக உச்ச நீதிமன்றத்துக்குத்தான் போகும். சி.பி.ஐ. போகிறதா இல்லையா என்று தெரியும்வரை பொறுங்கள் என்றார்கள். கவுன்டரில் இருந்த பெண் 1992-இல் பிறந்திருந்தால்கூட ஆச்சரியம். மரியாதையான பெண்தான், நாற்காலி போட்டு உட்காரவைத்தாள். "சார், உங்கள் கடைசிப் பதவி என்ன?" என்று ஃபாரத்தைப் பார்த்துக் கேட்டாள். சஸ்பென்ஷனில் இருந்தவர் என்று எழுதுவதா, அதிகாரி என்று எழுதுவதா என்று அவருக்கே தெரியவில்லை. என்னைப் பார்த்தார். "அதிகாரி என்று எழுதுங்கள் சார்" என்றேன்.

அவருக்கு ஃபோன் செய்தவர் உரிய காலத்தில் ஓய்வு பெற்றார். எல்லாப் பணமும் கைக்கு வந்தது. அவர் மேல் எனக்கு இன்றைக்கும் கோபம் தீரவில்லை. நாவலில் அவரையும் விட்டுவிடாதீர்கள், ஆனால் கொடுமைக்காரராக ஆக்காதீர்கள். அவர் வீட்டுக் கொலுவுக்கு நாங்கள் எல்லோரும் போயிருக்கிறோம், நல்ல மாதிரிதான் பேசுவார்.

சின்னச் சின்ன விஷயமும் சொல்லிவிடுகிறேன். எங்கள் மேஜையில் கம்ப்யூட்டர் வைத்துவிடாதீர்கள். ஊர் பெயர் பம்பாய்தான், மும்பை ஆனது 1995-இல். ஸ்டேஷனை வி.டி. என்றே எழுதுங்கள். கார்பன் நகலில் கையெழுத்து மங்கலாக விழும், சி.பி.ஐ. வக்கீல் அதை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்துத்தான் படித்தார். சாட்சிக் கூண்டு அத்தியாயத்தை எழுதி முடித்ததும் இங்கேயே போடுங்கள், மிஷின் சம்பந்தமாக ஏதாவது இடறினால் சொல்கிறேன்.