சாட்ஸ்வொர்த் வீட்டில் கைப்பேசி சிக்னல்: ஆலோசனை தேவை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். டர்பனை அடுத்த சாட்ஸ்வொர்த்தில், ஒரு மேட்டின் பின்சரிவில் உள்ள எங்கள் வீட்டுக்குள் கைப்பேசியில் பேச்சு அடிக்கடி அறுந்துபோகிறது. வாசலில் மைனஸ் 88 டிபிஎம் (சிக்னல் வலிமையின் அலகு; மைனஸ் எண் பெரிதாகப் பெரிதாகச் சிக்னல் குறைவு) என்று காட்டும் சிக்னல், தகரக் கூரை வேய்ந்த சமையலறைக்குள் நுழைந்ததும் மைனஸ் 112க்கு இறங்கிவிடுகிறது. அதாவது, கிடைக்கும் ஆற்றல் ஏறத்தாழ 250 மடங்கு சரிகிறது. அங்கே அம்மா போனின் கீழ்ப்பகுதியை இறுகப் பிடித்துப் பேசினால் இன்னும் குறைகிறது.

900 மெகாஹெர்ட்ஸ் அலையின் நீளம் சுமார் 33 சென்டிமீட்டர் என்பதால், அதில் கால் பங்கான 8 சென்டிமீட்டர் அளவிலான ஆன்டெனா அதற்கு இயல்பாகப் பொருந்தும். 1800க்கு அதில் பாதி போதும். பல போன்களில் விளிம்பு உலோகச் சட்டமே ஆன்டெனாவாக இருப்பதால், உள்ளங்கை பட்டதும் அதன் ஒத்திசைவு விலகுவதோடு, ஆற்றலில் ஒரு பகுதியைக் கையும் உறிஞ்சிக்கொள்கிறது. 900 போன்ற தாழ்ந்த அதிர்வெண் சுவரை ஓரளவு ஊடுருவும். தகரத்திடம் அதன் ஜம்பம் பலிக்காது, ஜன்னல் வழியாகத்தான் வர வேண்டும். (பின்புறம் ஒட்டும் 'சிக்னல் ஸ்டிக்கர்' மீது எனக்குச் சிறிதும் நம்பிக்கையில்லை.)

ஆண்ட்ராய்டு போனை 900 அலைவரிசையிலேயே நிறுத்திவைக்க வழியுண்டா? இல்லையெனில், வைஃபை வழி அழைப்புக்கு மாறினால், மின்வெட்டு நேரத்தில் ரூட்டரைத் தாங்கச் சிறிய யுபிஎஸ் போதுமா? அனுமதியற்ற ரிப்பீட்டர் (சிக்னலைப் பெருக்கி மீண்டும் அனுப்பும் கருவி) எனக்கு வேண்டாம். இதே பகுதியில் தகரக் கூரையின்கீழ் வசிப்பவர்கள், செய்து பார்த்ததைத் தெரிவித்தால் பேருதவியாக இருக்கும்.